மடியில் ஒரு மேப்பிள் கன்று

ஓசூரிலிருந்து கிருஷ்ணகிரி போகும் பஸ்ஸில், முன் சீட்டில் இருந்த இரண்டு பெண்களில் இளையவள் திடீரென்று சொன்னாள்:

"பொணத்த மடியில வெச்சிருக்கிற மாதிரி இருக்குது யக்கா."

எட்டிப் பார்த்தேன். மடியில் சாக்கு சுற்றிய மரக்கன்று. ஒரு இலைகூட இல்லை. இருவரும் புடவைமேல் ஒரே கம்பெனியின் காக்கிச் சட்டை போட்டிருந்தார்கள்.

"ஆபீஸ் வாசல்ல இருந்த மேப்பிளா? அது ஜப்பான் மேனேஜர் வெச்சதாச்சே! ஏன்டி பிடுங்குன?"

"செத்துப்போச்சு யக்கா. தண்ணி ஊத்தலன்னு என்னத்தான் வேலைய விட்டு நிறுத்துவாங்க. யாரோ திருடிட்டாங்கன்னு சொல்லிடலாம்னு எடுத்துட்டு வந்தேன்."

"செத்துதுன்னு யாரு சொன்னா?"

"எலையெல்லாம் ரத்தமாட்டம் செவந்து கொட்டிடுச்சு. நம்ம புங்கமரம் மாசி வெயிலுக்குத்தான உதுக்கும்? இது மார்கழிப் பனியிலயே மொட்டையாயிடுச்சு."

மூத்தவள் கட்டைவிரல் நகத்தால் தண்டைச் சுரண்டினாள். உள்ளே பச்சை. ஈரமாகவும் இருந்தது.

"உசுரோட இருக்குதுடி. குளுருக்கு எலைய உதுத்துட்டுச் சும்மா நிக்கிற சாதி போல. அந்த மனுசன் உங்கிட்ட ஒண்ணுமே சொல்லலியா?"

"ஊருக்குப் போற அன்னிக்கு மரத்தக் காட்டி இங்கிலீசுல ரொம்ப நேரம் சொன்னாரு. நானும் எல்லாத்துக்கும் தலையாட்டுனேன்."

"எப்ப வர்றாரு?"

"நாளைக்குக் காலைல."

இளையவள் பாட்டிலைத் திறந்து தண்ணீர் முழுவதையும் சாக்கின்மேல் ஊற்றினாள். என் செருப்பு நனைந்தது. கன்றை அணைத்துக்கொண்டு எழுந்து கத்தினாள்:

"கண்டக்டரண்ணா, நிறுத்துங்க! நான் திரும்பிப் போகணும்."