ஹயாஷி சாருக்கு வச்ச சாலட்

பந்தி போட்டாச்சுன்னு எனக்குத் தெரியும். சாம்பார் வாசனை மேடை வரைக்கும் வருது. ஒரே ஒரு குட்டிக் கதை... அதைச் சொல்லிட்டு மைக்கை வச்சிடறேன்.

மாப்பிள்ளையோட அம்மா மங்கையர்க்கரசி, இதோ முன்வரிசையில உட்கார்ந்திருக்காங்க. நேத்து என்னைத் தனியாக் கூப்பிட்டு, "அண்ணே, பொண்ணு அசாம்காரப் பொண்ணு. நாளையிலேருந்து அதுக்கு மட்டும் தனியா என்ன சமைக்கறதுன்னே புரியல"ன்னு கவலைப்பட்டாங்க. தங்கச்சி, இந்தக் கதை உங்களுக்குத்தான். மத்தவங்க சும்மா கேட்டுக்குங்க.

ஒரகடம் பக்கம் ஒரு கம்பெனி. அங்க சூப்பர்வைசர் தணிகைவேல். அவனுக்கு மேலதிகாரி ஒரு ஜப்பான்காரர், ஹயாஷி சார். ஒருநாள் தணிகைவேல் பண்ணின தப்புல நாலு மணி நேரம் மிஷின் ஓடல. வேலை போயிருக்கணும். போச்சா? போகல! ஹயாஷி சார் பெரிய அதிகாரிங்க முன்னாடி எழுந்து நின்னு, "நான்தான் சரியாச் சொல்லிக் குடுக்கல"ன்னு பழியைத் தன் தலையில போட்டுக்கிட்டார். இந்தக் காலத்துல யாருங்க செய்வாங்க?

அந்த மனுஷன் மூணு வருஷம் முடிஞ்சு ஊருக்குக் கிளம்பறார். திங்கக்கிழமை விமானம். தணிகைவேல் சம்சாரம் எழிலரசி தீர்மானமாச் சொல்லிட்டா. "நம்ம வீட்ல அடுப்பு எரியுதுன்னா அவராலதான். ஞாயித்துக்கிழமை மத்தியானம் அவர் நம்ம வீட்ல வயிறு நிறையச் சாப்பிடணும். அதுவும் அவங்க ஊர்ச் சாப்பாடு!"

போன்ல தேடினாங்க. ஜப்பான் உருளைக்கிழங்கு சாலட். பார்த்தா சுலபம். நம்ம கிழங்குதானே? ஆனா... செய்ய உட்கார்ந்தப்பத்தான் தெரிஞ்சுது.

வெள்ளரிக்காயை மெல்லிசா நறுக்கி, உப்புப் போட்டுப் பிசறி, பத்து நிமிஷம் கழிச்சு ஒட்டப் பிழியணுமாம். எழிலரசிக்குப் பொறுக்கல. "ஏங்க, தண்ணிக்காகத்தானே வெள்ளரிக்காயே திங்கறோம்? அதைப் பிழிஞ்சு கொட்டச் சொல்றானே, இவன் யாரு?" பிழியாமப் போட்டா. சாலட் கஞ்சியா ஓடுச்சு. முதல் தடவை... போச்சு.

ரெண்டாவது தடவை பிழிஞ்சா. கிழங்கைச் சூட்டோட மசிச்சா. அங்கங்க கட்டி கட்டியா விட்டா. வினிகர் தெளிச்சா. ஆற வச்சா. மயோனைஸ் கலந்தா. எல்லாம் சரி. தணிகைவேல் இந்தப் பக்கம் திரும்பி அந்தப் பக்கம் திரும்பறதுக்குள்ள... 'சட சட சட'ன்னு சத்தம்! "அடியே, என்னடி பண்ணினே?" "நான் ஒண்ணும் பண்ணலங்க! கை தானாப் போயி கடுகு தாளிச்சிடுச்சு!" சிரிக்காதீங்க, உங்க வீட்டுக் கையும் அப்படித்தான்.

மூணாவது தடவை, அந்த ஞாயித்துக்கிழமை, அச்சு அசல் ஜப்பான் சாலட். முட்டை, கேரட் எல்லாம் போட்டு, ஃப்ரிட்ஜுல வச்சுச் சில்லுன்னு எடுத்தாங்க.

ஹயாஷி சார் வந்தார். வாசல்ல செருப்பைக் கழட்டி நேரா அடுக்கி வச்சார். உட்கார்ந்தார். தட்டுல சாலட். ஒரு ஸ்பூன் வாயில போட்டார். "ரொம்ப நல்லா இருக்கு"ன்னார். இன்னொரு ஸ்பூன். அப்புறம்... ஸ்பூனைக் கீழே வச்சுட்டார்.

எழிலரசிக்கு முகம் செத்துப் போச்சு. மூணு தடவை பட்ட பாடு! நாளைக்குப் போற மனுஷன் ரெண்டு ஸ்பூனோட எழுந்திருச்சா, அந்த நன்றியை எங்க போயிச் சொல்றது?

அப்பத்தான் ஹயாஷி சார் மூக்கைத் தூக்கினார். மூணு ஊதுபத்தி எரியுது. அதையும் தாண்டி ஒரு வாசனை... கம்பெனியில கத்துக்கிட்ட தமிழ்ல, அவங்க ஊர் மரியாதைக்கு ஒரு 'சான்' சேர்த்துக் கேட்டார். "தணிகை-சான்... உள்ளே என்னா வாசம்?"

தணிகைவேலுக்குத் தூக்கிவாரிப் போட்டுச்சு. முந்தின நாள் வச்ச நெத்திலிக் கருவாட்டுக் குழம்பு! விருந்தாளி மூக்குல ஏறக்கூடாதுன்னு அடுப்படிக் கதவைச் சாத்தி, கீழே ஈரத் துண்டு வேற அடைச்சு வச்சிருந்தாங்க. "அது ஒண்ணுமில்ல சார். அது... எங்களுக்கு."

ஹயாஷி சார் சாலட் தட்டை ஓரமா நகர்த்தி வச்சார். அப்புறம் மெதுவாச் சொன்னார். "மூணு வருஷம். எல்லாரும் நல்லவங்க. பெரிய ஓட்டல் கூட்டிப் போவாங்க. ஜப்பான் சாப்பாடு வாங்கித் தருவாங்க. ஜப்பான் சாப்பாடு நாளைக்கு என் வீட்ல இருக்கு. உங்க வீட்டுச் சாப்பாடு... இன்னைக்கு மட்டும்தான்."

எழிலரசி ஓடினா. ஈரத் துண்டு ஒரு பக்கம், கதவு ஒரு பக்கம். சுடு சோத்தைப் போட்டு, குழம்பை ஊத்தினா. அவர் கையாலேயே பிசைஞ்சார். ஒரு வாய்... கண்ணுல தண்ணி, மூக்குல தண்ணி, காதெல்லாம் சிவந்து போச்சு! "ஐயோ சார், காரம்! போதும் சார், தண்ணி குடிங்க!" அவர் தட்டை நீட்டினார். "பரவால்ல. ஊத்து!" நாலு தடவை ஊத்தினாங்க. நாலு தடவை!

இப்ப சொல்லுங்க... அந்த வீட்ல தப்பு என்ன? சாலட்டா? இல்லவே இல்ல. அன்பாச் செஞ்சாங்க, நல்லாவும் செஞ்சாங்க. ஆனா அவர் கூடத்துல உட்கார்ந்திருக்கார், வீடு கதவுக்கு அந்தப் பக்கம் இருக்கு. அந்தக் கதவைச் சாத்தினது யாரு? மரியாதைன்னு நினைச்சு நாமதான் சாத்தறோம்!

தங்கச்சி, உங்க மருமக ஜுன்மோனிக்குன்னு தனிப் பாத்திரம் வைக்காதீங்க. நீங்க திங்கற ரசத்தை ஊத்துங்க. காரமா இருந்தா அவளே சொல்லட்டும், குறைச்சு வையுங்க. அவ ஒருநாள் அவங்க ஊர் மீன் குழம்பைப் புளிப்பா வைப்பா. அன்னைக்கு "எனக்கு வேண்டாம்மா, நீ சாப்பிடு"ன்னு நாசூக்கா நழுவாதீங்க. தட்டை எடுத்துக்கிட்டு அவ பக்கத்துல உட்காருங்க. முகம் கோணினா கோணட்டும். ரெண்டு பேரும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துச் சிரிப்பீங்க பாருங்க... அந்த நிமிஷம் அவ உங்க வீட்டுக்கு வந்துட்டா. இந்தத் தாலி, மாலை எல்லாம் சும்மா வாசல் வரைக்கும்தான்.