துளை வாயில் விளக்கு

"எங்க துரை கண்டுபிடிச்ச எண்ணெய், நாங்க ஏத்தி வெச்ச விளக்கு எண்ணெய்தான் அண்ணே."

கிள்ளான் ரயிலில் பக்கத்தில் இருந்தவர் இப்படிச் சொன்னதும், பத்திரிகையை முகத்துக்கு நேராகப் பிடித்துக்கொண்டே படிப்பதை நிறுத்தினேன். அவர் மடியில், பிரிக்பீல்ட்ஸில் வாங்கிய கத்தரி நாற்று ஈரச் சாக்கில் சுற்றியிருந்தது.

எதிரே இருந்த பெரியவர் கேட்டார்: "பூமிக்குள்ள எண்ணெய் தேடித் துளை போட்டானே, அந்தக் கம்பெனியா?"

"அதேதான். கடலோரத்துல. தெனம் வேலைக்கு முன்னால துளை வாயில தேங்காயெண்ணெய் விளக்கு ஏத்திக் கும்பிடுவோம். ஒருநாள் மழையில விளக்கு கவுந்து எண்ணெய் உள்ள போயிடுச்சு. துரை வந்து பார்த்தா, தண்ணி மேல பளபளன்னு மிதக்குது. தொப்பியைத் தூக்கிப் போட்டு ஆடினாரு."

"நீங்க சொல்லலையா?"

"சொன்னோம். கேட்டாத்தானே! பேப்பர்ல போட்டுப் பங்கெல்லாம் வித்தாச்சு. அப்புறம் இன்னொரு துரை வந்து மோந்து பார்த்தாரு. தேங்கா வாசனை! பங்கு வாங்கினவங்க சண்டைக்கு வந்துட்டாங்க. கம்பெனியை மூடிட்டாங்க."

"அடப்பாவமே, அப்ப உங்க வேலை?"

"போச்சு. ஆனா அந்தத் துளையில நல்ல தண்ணி பொங்குது அண்ணே! எங்க பக்கம் கெணறெல்லாம் உப்பு. இப்ப கம்பத்து ஜனம், ஊரே அங்கதான் தண்ணி புடிக்குது. நாங்க தோட்டம் போடப்போறோம்லா."

கிள்ளானில் ரயில் நின்றது. அவர் நாற்றை மார்போடு அணைத்துக்கொண்டு எழுந்தார்.

"இன்னமும் விளக்கு ஏத்துறீங்களா?" என்றார் பெரியவர்.

"ஏத்தாம இருப்போமா? ஆனா, இப்பக் கொஞ்சம் தள்ளி வெக்கிறோம்."