ஒரே ஓர் எழுத்தால் வீரனானவன்

இந்த அவைக்குத் தலைமை ஏற்று, என் பேச்சு எவ்வளவு நீளுமோ என்ற கவலையில் கைக்கடிகாரத்தைக் கழற்றி மேசைமேல் வைத்திருக்கும் நூலகத் தலைவர் அவர்களே! என்னை 'அஞ்சா நெஞ்சர்' என்று அறிமுகப்படுத்திவிட்டு நிம்மதியாக அமர்ந்திருக்கும் செயலாளர் அவர்களே! நான் தடுமாறினால் கைதட்டித் தேற்றலாம் என்ற கருணையோடு முன்வரிசையில் வீற்றிருக்கும் பெரியோர்களே! ஆயிரம் வேலைகளை அப்படியே போட்டுவிட்டு வந்திருக்கும் தாய்மார்களே! நின்றுகொண்டே கேட்டால் சீக்கிரம் நழுவலாம் என்று கணக்குப் போட்டு வாசலோரம் நிற்கும் இளைஞர்களே! உங்கள் அனைவரையும் கைகூப்பி வணங்குகிறேன்.

எனக்குப் பின்னால் சுவரில் ஒரு திரை தொங்குகிறது. திரைக்குப் பின்னால் ஒரு பளிங்குக் கல். கல்லில் என் பதினைந்து வயது முகம். முகத்தின் கீழே நான் சொன்னதாக ஒரு வாசகம்: 'நான் பறந்தேன். அதனால்தான் மேலே போனேன்.' இன்னும் சிறிது நேரத்தில் தலைவர் கயிற்றை இழுப்பார், திரை விலகும், நீங்கள் கைதட்டுவீர்கள்.

அவையோரே, அந்த வாசகத்தில் ஓர் எழுத்துப் பிழை இருக்கிறது!

இதைச் சொல்லத்தான் சென்ற வாரம் மூன்று முறை தலைவரின் அறைக்கு வந்தேன். மூன்று முறையும் என்ன சொன்னேன்? 'மின்விசிறி நல்ல காற்றுத் தருகிறது' என்று சொல்லிவிட்டுத் திரும்பினேன். தலைவர் அவர்களே, நான் முடிக்கும்வரை அந்தக் கயிற்றைத் தொடாதீர்கள். தொட்டுவிட்டால் என் வாய் மூடிக்கொள்ளும். ஐம்பத்தாறு ஆண்டுகளாக மூடியிருந்த வாய் இது. அதற்குப் பழக்கம் அதிகம்.

பதினைந்தாம் வயதில் உங்கள் உடல்களுக்கு என்ன நேர்ந்தது? ஒருவருக்குக் குரல் உடைந்தது. ஒருவருக்கு முகமெல்லாம் பரு. ஒருவருக்கு மீசை, அதுவும் ஒரு பக்கம் மட்டும். எனக்கோ காற்று அடைத்தது!

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள், நல்லதுதான். ஆனால் அன்று வகுப்பில் நான் சிரிக்கவில்லை. கணக்காசிரியர் என்னைக் கரும்பலகைக்கு அழைத்தார். முதலில் காதுகள் சுட்டன. பிறகு கன்னங்கள் உப்பின. வயிறு தலையணையாயிற்று, தொடைகள் திண்டுகளாயின. சட்டையின் இரண்டாம் பொத்தான் தெறித்து, ஆசிரியரின் மூக்குக்கண்ணாடியைத் தட்டிவிட்டுப் போயிற்று. கீழே பார்த்தேன். என் செருப்புகள் தரையில் இருந்தன. என் கால்கள் அவற்றில் இல்லை. நான்கு விரற்கடை மேலே இருந்தன!

அப்பா என்னை மருத்துவரிடம் அழைத்துச் சென்றார். எடை பார்க்கும் கருவியில் ஏற்றினார்கள். முள் அசையவில்லை. மருத்துவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். நிமிர்ந்துதான் பார்க்க முடிந்தது.

"வளர்ற வயசு. எல்லாம் தானா சரியாப் போயிடும்" என்றார்.

"எந்தப் பக்கமா டாக்டர் வளர்றான்?" என்று கேட்டார் அப்பா.

வீட்டுக்கு வந்து முறைப்படி ஒரு நோட்டுப் புத்தகம் போட்டேன். எப்போது உப்புகிறேன், எவ்வளவு உயர்கிறேன் என்று குறித்தேன். கணக்கு வகுப்பு: நான்கு விரற்கடை. நாய்: ஒரு மாடி. ஒரு மாதத்தில் முடிவு தெரிந்தது. பயந்தால் ஏறுகிறேன், சிரித்தால் இறங்குகிறேன். என் உடம்பு ஏன் அப்படி ஆயிற்று என்று அன்றும் தெரியாது, இன்றும் தெரியாது. என் அனுமதியை அது கேட்கவில்லை.

ஏறுவது சுலபம், எனக்குப் பயத்துக்குப் பஞ்சமில்லை. இறங்குவதற்கு அக்கா வேண்டும். நான் உத்தரத்தில் போய் முட்டிக்கொண்டிருப்பேன். அக்கா கீழே நின்று, இடுப்பில் கைவைத்துக்கொண்டு, "டேய் பூசணிக்கா, மேல ஒட்டடை இருக்கு. போனதுதான் போனே, அதையும் அடிச்சுட்டு வா" என்பாள். எனக்குச் சிரிப்பு வந்துவிடும். மூக்கின் வழியாகக் காற்று விசிலடித்துக்கொண்டு வெளியேறும். தொப்பென்று விழுவேன்.

பிறகு வீரனானது எப்படி? அதைக் கேளுங்கள்! ஒரு நாய் துரத்தியது. நான் ஒரு மாடி உயரம் போனேன். அங்கே ஜன்னல் விளிம்பில் மாட்டிக்கொண்டு கத்திக்கொண்டிருந்த பூனை ஒன்று, நான் ஏதோ மெத்தை என்று எண்ணி என்மேல் பாய்ந்தது. கீழே கூட்டம் என்ன பார்த்தது? நாயைப் பார்த்ததா? இல்லை. நடுக்கத்தைப் பார்த்ததா? இல்லை. பூனையைப் பார்த்தது, என்னைப் பார்த்தது, 'ஆகாயத் தம்பி' என்று பெயர் வைத்தது!

பெயர் வந்தது, புகழ் வந்தது. புகழ் வந்ததால் பயம் வந்தது. பயம் வந்ததால் உயரம் வந்தது. உயரம் கண்டு மேலும் புகழ் வந்தது. இப்படியொரு சக்கரத்தில் சுற்றியவன் வேறு யாராவது உண்டா? அம்மா என் சட்டைகளின் இரு பக்கமும் எலாஸ்டிக் வைத்துத் தைத்தார். ஊரார் அதை வீரனின் உடை என்றார்கள். அது கிழியாமல் இருப்பதற்கான ஏற்பாடு!

என்ன? யாரோ ஏதோ கேட்கிறார்... 'இப்போ கொஞ்சம் பறந்து காட்டுங்க' என்கிறார். ஐயா, பதினேழு வயதில் அது தானாக நின்றுவிட்டது. மருத்துவர் சொன்னது பலித்தது. காதுகள் மட்டும் இன்னும் சுடும். இந்த ஒலிவாங்கியின் தண்டை நான் இறுகப் பிடித்திருப்பது முன்னெச்சரிக்கை.

இனி அந்த நாளுக்கு வருகிறேன். கடைவீதியில் எட்டு மாடிக் கட்டடம். விளம்பரப் பலகை எழுதும் ஓவியர் ஒருவர் ஆறாம் மாடி உயரத்தில் பலகைமேல் உட்கார்ந்து எழுதிக்கொண்டிருந்தார். பலகையின் ஒரு பக்கக் கயிறு அறுந்தது. மனிதர் மறுபக்கக் கயிற்றைப் பிடித்துத் தொங்கினார். தீயணைப்பு வண்டி வந்துகொண்டிருந்தது. ஆனால் அவர் கை வழுக்கிக்கொண்டிருந்தது. கூட்டம் கூவியது: 'ஆகாயத் தம்பி எங்கே? ஆகாயத் தம்பி எங்கே?'

ஆகாயத் தம்பி எங்கே இருந்தான் தெரியுமா? ரொட்டி வண்டிக்குப் பின்னால் ஒளிந்திருந்தான்!

கண்டுபிடித்துவிட்டார்கள். நடுவீதிக்குத் தள்ளிக்கொண்டு வந்தார்கள். அக்கா ஊரில் இல்லை, தேர்வெழுதப் போயிருந்தாள். நான் மேலே பார்த்தேன், உப்பினேன், ஏறினேன். 'ஏறினேன்' என்பது இலக்கணப்படி பிழை. ஏற்றப்பட்டேன்! வாழ்நாள் முழுவதும் நான் செய்த வீரச் செயல்கள் அனைத்தும் செயப்பாட்டு வினைகள்.

ஆறாம் மாடியில் ஓவியர் கயிற்றை விட்டுவிட்டு என் இடுப்பைக் கட்டிக்கொண்டார். கீழே ஆரவாரம். அந்த ஆரவாரம் கேட்டு எனக்கு இன்னும் பயம். ஏழாம் மாடி வந்தது, போயிற்று. எட்டாம் மாடி வந்தது, போயிற்று. மொட்டை மாடியும் கீழே போயிற்று.

ஓவியர் மெல்லச் சொன்னார்: "தம்பி, தரை அந்தப் பக்கம் இருக்கு."

"தெரியும்ணே."

"தெரிஞ்சா ஏன் மேல போறோம்?"

அதுவரை நான் யாரிடமும் சொல்லாதது அது. அம்மா, அப்பா, அக்கா தவிர எவருக்கும் தெரியாதது. ஆனால் ஓர் உயிர் என் இடுப்பில் தொங்குகிறதே! சொல்லாவிட்டால் இருவருமே மேகத்துக்குப் போகவேண்டியதுதானே!

"எனக்குப் பயமா இருக்குண்ணே. பயந்தா மேல போவேன்."

ஓவியர் என் முகத்தை அண்ணாந்து பார்த்தார்.

"அப்ப அந்தப் பூனை?"

"நாய் துரத்துச்சுண்ணே."

"அடப்பாவி! உன் படத்தை எழுதிக் குடுன்னு ஊரே என்கிட்டதானேடா வந்துச்சு? நெஞ்சை நிமித்திக்கிட்டு நிக்கற மாதிரி பத்தடிக்கு எழுதினேனே! அத்தனையும் காத்தா?"

"காத்துதாண்ணே."

அவர் சிரித்தார். தரையிலிருந்து ஒன்பது மாடி உயரத்தில், ஒரு கோழையின் இடுப்பைக் கட்டிக்கொண்டு, ஒரு மனிதர் கண்ணில் நீர் வரச் சிரித்தார். "நானும் பயந்துதான்டா செத்துக்கிட்டிருக்கேன். ஆனா ஒரு அங்குலம் ஏறலையே, பார்த்தியா!" என்றார். நானும் சிரித்தேன். மூக்கு விசிலடித்தது. எட்டு, ஏழு, ஆறு என்று மாடிகள் எங்களைத் தாண்டி மேலே போயின. ரொட்டி வண்டியின் கூரைமேல் இருவரும் உட்கார்ந்தோம். மேலே சாய்ந்து கிடந்த பலகையிலிருந்து ஒரு மஞ்சள் வண்ணக் குவளை வழுக்கி விழுந்து என் தலையில் கவிழ்ந்தது. பத்திரிகையில் அதை மகுடாபிஷேகம் என்று எழுதினார்கள்.

பத்திரிகை நிருபர் ஓடி வந்தார். "தம்பி, எப்படி மேல போனே? ஒரே வரியில சொல்லு!" எனக்கு மூச்சு வாங்கியது, பேச வரவில்லை. அவருடைய குறிப்பேட்டை வாங்கி, மஞ்சள் விரல்களால் எழுதிக் கொடுத்தேன்: 'நான் பயந்தேன். அதனால்தான் மேலே போனேன்.'

என் வாழ்க்கையிலேயே நான் செய்த ஒரே துணிச்சல் அதுதான்! அவையோரே, அது ஒன்றுதான்!

மறுநாள் பத்திரிகை வந்தது. அச்சுக்கோப்பவரின் கையில் 'ய' இருக்கவேண்டிய இடத்தில் 'ற' ஏறியிருந்தது. 'நான் பறந்தேன். அதனால்தான் மேலே போனேன்.' இதில் ஏதாவது பொருள் இருக்கிறதா? நனைந்தேன், அதனால்தான் ஈரமானேன் என்பது போல இல்லையா? ஆனால் எங்கள் தமிழாசிரியர் அந்த வாசகத்துக்கு முக்கால் மணி நேரம் விளக்கம் சொன்னார். மேலே போவது வேறாம், பறப்பது வேறாம், என்னவெல்லாமோ ஆழமாம்! நான் கடைசி வரிசையில், மேசையை இறுகப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அன்று மாலையே அச்சகத்துக்குப் போனேன். அச்சுக்கோப்பவர் நல்ல மனிதர். பத்திரிகையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், நெற்றியில் அடித்துக்கொண்டார்.

"தப்பு என்னோடதுதான் தம்பி. நாளைக்கே திருத்தம் போட்டுடறேன். போடட்டுமா?"

கதவருகே நான்கைந்து பேர் என்னைக் காட்டி ஏதோ பேசிக்கொண்டிருந்தார்கள். ஆசையாகப் பார்த்தார்கள். நான் என்ன சொன்னேன்?

"பரவால்லண்ணே. இருக்கட்டும்."

அச்சுக்கோப்பவரின் பிழைக்கு ஒரு நாள் வயது. என் பிழைக்கு ஐம்பத்தாறு வயது! பிறகு அதே அச்சகத்தில் பிழை திருத்துபவனாகச் சேர்ந்தேன். நாற்பத்தொரு ஆண்டுகள். ஊரார் எழுதிய ஒற்றுப் பிழையைத் திருத்தினேன், சந்திப் பிழையைத் திருத்தினேன், திருமண அழைப்பிதழில் மாறிப்போன மாப்பிள்ளையைத் திருத்தினேன். என் பெயரில் நின்ற ஓர் எழுத்தைத் திருத்த எனக்குக் கை வரவில்லை. அந்தப் பழைய பத்திரிகைத் துண்டு கண்ணாடிச் சட்டத்துக்குள் இதே நூலகத்தில் தொங்கியது. நானும் தினமும் அதன் கீழே உட்கார்ந்து வெட்கமில்லாமல் செய்தித்தாள் படித்தேன்.

பிறகு ஏன் இன்று இந்தப் புலம்பல்? பத்து நாளைக்கு முன் ஒரு பள்ளிப் பெண் அந்த வாசகத்தைத் தன் நோட்டில் எழுதிக்கொண்டிருந்தாள். ஒரே ஆண்டில் மிக உயரமாக வளர்ந்துவிட்ட பெண். பிறர் கண்ணில் படாமலிருக்க முதுகை வளைத்து, தோளைக் குறுக்கி நின்றாள். பாவாடை கணுக்காலுக்கு வெகு மேலே நின்றது.

"ஐயா, இது நீங்கதானா?"

"ஆமாம்மா."

"உடம்பு அப்படி மாறினப்போ உங்களுக்குப் பயமே இல்லையா?"

அவையோரே, கேள்வி நேராக வந்தது. பதில் என் கையில் இருந்தது. எழுத்துக்கூட மாறாமல் இருந்தது. நான் சொன்னேன்: "இல்லம்மா."

"சரி" என்றாள். நோட்டை மூடினாள். இன்னும் ஓர் அங்குலம் குனிந்துகொண்டு போனாள்.

அந்த ஓர் அங்குலம் என் கணக்கு! என்னால் குனிந்த அங்குலம்! அவள் இங்கே வந்திருக்கிறாளா, தெரியாது. தேடமாட்டேன். நான் தேடினால் நீங்கள் எல்லோரும் திரும்புவீர்கள். எல்லோரும் தன்னைத் திரும்பிப் பார்ப்பதுதான் அந்த வயதில் பெரிய தண்டனை.

ஆனால் அவள் இருக்கும் இடத்துக்குக் கேட்கும்படி உரக்கச் சொல்கிறேன். நான் பயந்தேன்! பூனை என்மேல் பாய்ந்தபோது பயந்தேன்! மாலை போட்டபோது பயந்தேன்! என் உடம்பு என் பேச்சைக் கேட்காமல் வளர்ந்தபோது, இது இப்படியே நின்றுவிடுமோ என்று போர்வைக்குள் அழுதேன்! அஞ்சாமல் போனவன் எவனும் அந்தக் கட்டடத்தில் இல்லை. தொங்கியவரும் பயந்தார், தூக்கியவனும் பயந்தான். பயத்தை ஒருவன் வாய்விட்டுச் சொன்னான், மற்றவன் சிரித்தான், இருவரும் வீடு போய்ச் சேர்ந்தோம். நடந்தது அவ்வளவுதான்!

பளிங்குக் கல்லைச் செதுக்கியவர் மூன்றாம் வரிசையில் இருந்து கையை ஆட்டுகிறார். என்னங்க?... 'கல்லுல செதுக்கினதை அழிக்க முடியாதுங்க' என்கிறார். அறிவேன் ஐயா. உங்கள்மேல் குற்றமில்லை, உங்களுக்கு வந்த பிரதியில் பிழை. அழிக்க வேண்டாம். அச்சான புத்தகத்தில் பிழை கண்டால் எங்கள் தொழிலில் என்ன செய்வோம்? புத்தகத்தைக் கொளுத்துவோமா? ஒரு துண்டுச் சீட்டு அச்சடித்து உள்ளே ஒட்டுவோம். அதை நேற்றே அச்சடித்துவிட்டேன். மூன்று முறை மெய்ப்புப் பார்த்தேன்.

தலைவர் அவர்களே, இப்போது கயிற்றை இழுங்கள். கைதட்டல் வேண்டாம், ஒரு நிமிடம் பொறுங்கள். பசை கையில் ஒட்டுகிறது. ஒலிவாங்கியின் தண்டை விட்டுவிட்டுத்தான் வந்திருக்கிறேன், பார்த்தீர்களா?... கொஞ்சம் கோணலாகிவிட்டது. இருக்கட்டும். பின்வரிசைக்கும் கேட்கும்படி படிக்கிறேன்:

'பிழை திருத்தம். மேலே, பறந்தேன் என்று இருப்பதைப் பயந்தேன் என்று திருத்திப் படிக்கவும். தாமதத்துக்கு வருந்துகிறோம்.'

கேட்டிருந்த உங்கள் பொறுமைக்கு நன்றி. கடிகாரத்தை ஒருமுறைகூடப் பார்க்காத தலைவருக்குத் தனி நன்றி. வணக்கம்.