ஆறாம் அத்தியாயத்துக் கிணறு

தேத்தண்ணி நல்லாயிருக்கு தம்பி. சீனி போட்டுக் குடிச்சு எத்தினை மாதம். பொருளாதாரத் தடை வந்த பிறகு வீட்டில பனங்கட்டியைக் கடிச்சுக் கடிச்சுத்தான் குடிக்கிறது, அதுவும் பழகிப்போச்சு. நீங்களும் குடியுங்கோ, ஆறப்போகுது. எனக்கு அவசரமில்லை.

பேரை எழுதிட்டியளோ. ஞானப்பிரகாசம், வயசு அறுபத்துமூண்டு, இளைப்பாறின ஆசிரியர். பிறந்தது முல்லைத்தீவுக் கரை. தொண்ணூறில இடம்பெயர்ந்து முள்ளியவளைக்கு வந்து இந்தா எட்டு வருசமாச்சு. என்னட்டைப் படிச்ச பிள்ளையள் உங்கட பொலிஸ் கந்தோரிலயும் இருக்கினம், உள்ள வரேக்க ரெண்டு பேர் எழும்பி நிண்டவை.

வந்த விசயம் இதுதான். போனதுக்கு முந்தின சனிக்கிழமை மார்கிறட் தென்னங்காணிப் பாழ்கிணத்துக்க விழுந்து செத்தவா. நீங்கள் வந்து பாத்திட்டு, உக்கின பலகை முறிஞ்சு தவறி விழுந்தது எண்டு எழுதிப்போட்டுப் போயிட்டியள். அது பிழை. ஒரு மனிசியின்ர சாவைப்பற்றிப் பிழையான வசனம் ஒண்டு எழுத்தில கிடக்கிறதை என்னால பொறுக்கேலாது. அவவைச் சாக்காட்டினது ஒரு தொடர்கதை. அதை எழுதின அமராவதியைத்தான் நீங்கள் என்ர சொல்லைக் கேட்டுக் கூப்பிட்டு வெளி வாங்கில இருத்தியிருக்கிறியள். அவவின்ர கொப்பியளை எரிக்கவேணும், அவ இனி ஒரு வரி எழுதக்கூடாது. நான் கேட்கிறது அவ்வளவுதான்.

எங்கட வாசிகசாலையில ஒரு கையெழுத்துச் சஞ்சிகை நடக்குது. அச்சடிக்க மையுமில்லை, தாளுமில்லை. நான் பள்ளிக்கூடத்தால வரேக்க கொண்டுவந்த பழைய சோதினைத் தாளுகளின்ர பின்பக்கத்திலதான் முழுக்க எழுதுறது. மாதத்துக்கு ஒரு பிரதி. ஆரும் கொண்டுபோயிடாமல் மேசைக் காலோட கயிறு போட்டுக் கட்டி வைச்சிருக்கும். அமராவதி அதில எழுதத் தொடங்கி ஒரு வருசம். தாய் தகப்பன் எழுபத்தேழுக் கலவரத்தோட மலைநாட்டால வந்த சனம், பிள்ளை இஞ்ச வளந்தது. பகலில தையல், புருசன் சுடலைமுத்துவுக்கு வயலில கூலி வேலை. சும்மா சொல்லக்கூடாது, நல்ல கை. எழுத்துப்பிழை மட்டும் கொஞ்சம் வரும். அதைத் திருத்திக் குடுக்கிறது நான்.

ஒரு பிரதியை ஊர் முழுக்க எப்பிடி வாசிக்கிறது. அதால ஞாயிற்றுக்கிழமையில மாதா கோயில் பூசை முடிய மார்கிறட் அதைச் சத்தமாய் வாசிப்பா, சனம் முற்றத்தில இருந்து கேக்கும். அவா எங்கட கரை மனிசி. கடலுக்குப் போன புருசன் திரும்பேல்லை. கருவாடு வித்துச் சீவிக்கிறவா. வாசிக்கத் தொடங்கினால் ஒவ்வொரு ஆளுக்கும் ஒவ்வொரு குரல். கெட்டவன்ர குரலுக்குத்தான் அவவுக்குப் புழுகம், சந்தோசம் கூட.

அந்தக் கெட்டவன்ர பேர் வீரகத்தி. தமையன்ர காணியில அவனுக்குக் கண். மார்கழி இதழில வந்த ஆறாம் அத்தியாயத்தில அவன் ஒரு வேலை செய்வான். பாழ்கிணத்துக்கு மேல ஆக்கள் நடந்துபோகப் போட்டிருக்கிற பலகையில நடுப்பலகையைக் கழட்டிப்போட்டு, தென்னோலைக் கிடுகு விரிச்சுச் சருகு பரவிவிடுவான். தமையன் வந்து விழுவான். வீரகத்தி கிணத்தடியில குந்தியிருந்து கச்சான் கடலை உடைச்சுத் தின்பான். உள்ளுக்க இருந்து தமையன் கூப்பிடக் கூப்பிட, "வாறன் அண்ணை, வாறன்" எண்டு சொல்லிச் சொல்லி அடுத்த கச்சானை உடைப்பான். மார்கிறட் அந்த இடம் வாசிக்கேக்க முற்றம் முழுக்கச் சிரிப்பு. கிழவியள் கண்ணைத் துடைச்சுத் துடைச்சுச் சிரிச்சவை. ஒருக்கா வாசிச்சுக் காணாதெண்டு திருப்பி வாசிக்கச் சொன்னவை. பேந்து ஊரில சின்னன் பெரிசு எல்லாத்துக்கும் அதுதான் கதை. தண்ணி அள்ளித் தாவெண்டு தாய் கேட்டால், "வாறன் அண்ணை, வாறன்."

பாவத்தை எழுதக்கூடாதெண்டு நான் சொல்லேல்லை தம்பி, வேதத்திலயே எவ்வளவு பாவம் எழுதிக்கிடக்கு. பாவத்துக்கு ருசி ஏத்தக்கூடாது. இந்தச் சனம் செல்லடியில செத்த பிள்ளையளைத் தூக்கிக்கொண்டு வந்த சனம். ஒரு மனிசன் கிணத்துக்க கிடந்து கூப்பிடுறதைக் கேட்டு இதுகள் சிரிக்கலாமோ.

அமராவதியின்ர வீட்டுக்குப் போய் நேரிலயே கேட்டனான். அவ தையல் மெசினை நிப்பாட்டேல்லை.

"கெட்டவன கெட்டவனாத்தானே எழுதியிருக்கேன் மாஸ்டர்."

"கெட்டவனை எழுதலாம். இனிக்க இனிக்க எழுதக்கூடாது."

"இனிச்சது யாருக்குன்னு அவங்கவங்கதான் பாத்துக்கணும்."

மார்கிறட்டும் அங்கதான் இருந்தவா, சட்டை தைக்கக் குடுக்க வந்து. அவா சொன்னா, "மாஸ்டர், பெரிய வெள்ளிக்குக் கரையில பாடுகளின் நாடகம் போடேக்க ஆண்டவரைச் சவுக்கால அடிக்கிற சேவகன் ஆர். நீங்கள்தானே. பதினொரு வருசம் ஒருத்தருக்கும் அந்த வேசத்தை விட்டுக் குடுக்கேல்லை. சனம் இன்னும் அடி இன்னும் அடி எண்டு கத்தேக்க உங்கட முகம் எனக்கு இப்பவும் நினைவிருக்கு." சொல்லிப்போட்டுச் சிரிச்சவா. அது தேவகாரியம். அவவோட கதைச்சு என்ன.

வாசிகசாலைச் செயலாளருக்கு ஒரு கடிதம் எழுதினனான், கோயில் சுவாமியாருக்கும் ஒண்டு. இதை வாசிச்ச ஆரோ ஒராள் இதைச் செய்யும், பாத்துக்கொண்டிருங்கோ எண்டு. சுவாமியார் என்ர தோளில தட்டி, "மாஸ்டர், சனம் ஒரு மணித்தியாலம் செல்லுச் சத்தத்தை மறந்து இருக்கட்டுமே" எண்டார்.

நான் பாத்துக்கொண்டுதான் இருந்தன். ஒரு கிழமை, ரெண்டு கிழமை, ஒரு மாதம். ஒருத்தரும் ஒண்டும் செய்யேல்லை. செய்யேல்லை எண்டதை விடுங்கோ, நடந்தது மற்றப் பக்கம். கதையைக் கேட்ட பயத்தில சனம் திரண்டு, ஊரில இருந்த பாழ்கிணறு முழுக்கத் தேடித் தேடி மூடினது. தென்னங்காணிக் கிணத்துக்கு மார்கிறட்தான் ஆக்களைக் கூட்டிக்கொண்டுபோய்ப் புதுப் பனம்பலகை போடுவிச்சவா. அந்தக் குறுக்குப் பாதையாலதான் அவா விடியக் காலமை தண்ணீரூற்றுச் சந்தைக்குக் கருவாட்டுக் கடகத்தோட போறவா.

இஞ்சதான் நீங்கள் பிழை விட்டது தம்பி. தைப் பொங்கல் முடியப் போட்ட பலகை மாசிக்குள்ள உக்குமோ. கிணத்துக்க கிடந்த உக்கல் பலகையைப் பாத்தியள், புதுப் பலகை எங்க எண்டு ஒருத்தரும் கேக்கேல்லை. ஒரு கேள்வி கேட்டிருந்தால் காணும். அது என்ர கோழிக்கூட்டுக்குக் கீழ கிடக்கு. ஆரையும் அனுப்பி எடுப்பியுங்கோ.

ஓம், நான்தான். எழுதுங்கோ. மெல்லமாய்ச் சொல்லுறன்.

நான் விஞ்ஞான பாடம் எடுத்தவன். ஒரு வாயு எரியும் எண்டு கரும்பலகையில எழுதினால் பிள்ளையள் நம்பாதுகள். கொழுத்திக் காட்டவேணும். இந்தக் கதை ஆளைச் சாக்காட்டும் எண்டு ரெண்டு கடிதம் எழுதியும் ஒருத்தரும் நம்பேல்லை. எனக்கு வேற வழி இருக்கேல்லை. கதையில உள்ளது உள்ளபடி செய்தால்தான் கதையால வந்ததெண்டு விளங்கும். அதால ஆறாம் அத்தியாயத்தில இருந்து ஒரு நூல் விலகேல்லை. நடுப்பலகையைக் கழட்டினது, கிடுகு, சருகு எல்லாம் அதே மாதிரி. விடிய அஞ்சரைக்கு வேலை முடிஞ்சுது. காலமை ஒண்டும் சாப்பிடாமல் வந்தபடியால் மடியில கொஞ்சம் கச்சான் கொண்டுவந்தனான்.

மார்கிறட் ஆறேகாலுக்கு வந்தவா. தலையில கடகம். கோயில் பாட்டொண்டை முணுமுணுத்துக்கொண்டு வந்தவா. நான் தென்னைக்குப் பின்பக்கம் இருந்தனான். விழுந்த சத்தம் அவ்வளவு பெரிசில்லை. கருவாடு முழுக்கக் காலடியில சிதறிப்போச்சு.

தண்ணி கொஞ்சம்தான், கல்லுத்தான் கூட. கால் முறிஞ்சிருக்கவேணும். முதல் மாதாவைக் கூப்பிட்டவா. பேந்து "ஆரும் நிக்கிறியளோ" எண்டு கேட்டவா. நான் கிட்டப் போய்க் குந்தினன். "வாறன் மார்கிறட், வாறன்" எண்டு சொன்னனான்.

அவா என்ர குரலைப் பிடிச்சிட்டா. கச்சான் உடைக்கிற சத்தமும் கேட்டிருக்கும். அதுக்குப் பிறகு அவா சிரிச்சவா தம்பி. அந்த வேதனையிலயும் ஒருக்காச் சிரிச்சவா. "மாஸ்டர், பகிடி விடாமல் கயிறொண்டு போடுங்கோ, கால் ஏலாமல் கிடக்கு" எண்டா. நான் கதையில வாறதை விளையாட்டுக்குச் சொல்லுறன் எண்டு நினைச்சிட்டா. "வாறன், வாறன்" எண்டன். ரெண்டாந்தரம் அவா சிரிக்கேல்லை. மூண்டாந்தரம் அழத் தொடங்கினா. ஏழு மணி வரைக்கும் கதைச்சவா. என்ர பேரைச் சொல்லிக் கூப்பிட்டவா, பள்ளிக்கூடத்தில கூப்பிடுற மாதிரி "சேர்" எண்டும் கூப்பிட்டவா. நான் எழும்பிக் கச்சான் கோதுகளைக் கூட்டி அள்ளி மடியில கட்டிக்கொண்டு, என்னைத் தேடாமல் சனம் கதையைப் பழிக்கட்டும் எண்டு, பக்கத்தில கிடந்த பழைய உக்கல் பலகையை உள்ளுக்க போட்டிட்டு, புதுசைத் தூக்கிக்கொண்டு வீட்டை போனனான்.

எனக்கு அதில ஒரு சந்தோசமும் இருக்கேல்லை. இதைக் கட்டாயம் எழுதுங்கோ. கச்சான் திண்டதை வைச்சு வேற மாதிரி நினைக்கவேண்டாம்.

பேந்து நடந்ததுதான் எனக்கு விளங்கேல்லை. செத்தவீட்டில ஊரே கூடினது. ஒரு வாய் அந்தக் கதையைப்பற்றி எடுக்கேல்லை. மழைக்குப் பலகை உக்கிப்போச்சு, பாவம் மார்கிறட், அவ்வளவுதான். முந்தநாள் ஞாயிறு அமராவதி, தையில வராமல் பிந்தின ஏழாம் அத்தியாயத்தைக் கொண்டுவந்தா, மேல "மார்கிறட் அக்காவுக்கு" எண்டு எழுதி. வாசிக்க ஆளில்லாமல் அவவே வாசிச்சவா. சனம் முதல் அழுதது. ரெண்டு பக்கம் போக, வீரகத்தி பிடிபடுவானோ மாட்டானோ எண்டு வாயைப் பிளந்துகொண்டு கேக்குது. என்னட்டை அந்த அத்தியாயத்தைத் திருத்தவும் தரேல்லை. நானும் ஒரு மூலையில நிண்டு கடைசி வரைக்கும் கேட்டனான், எங்க போய் நிக்குது எண்டு அறியத்தான்.

அதுதான் இஞ்ச வந்தனான். நான் ஒளிச்சு இருந்திருக்கலாம், உங்களுக்கு ஒரு சந்தேகமும் இல்லை. நான் பரிசோதனை செய்து காட்டினனான், நீங்கள் முடிவை விபத்தெண்டு எழுதிட்டியள். அப்ப மார்கிறட் செத்ததுக்கு என்ன பிரயோசனம் எண்டு யோசிச்சுப் பாருங்கோ.

அமராவதியின்ர கொப்பியை எடுத்திருக்கிறியள். ஓம், ஓரத்தில சிவப்பு மையில கிடக்கிறது என்ர எழுத்துத்தான். வாசியுங்கோ, எனக்கு ஒண்டுமில்லை. அவ முதல் எழுதினது, வீரகத்தி பலகையைக் கழட்டிப்போட்டுப் பயத்தில வீட்டை ஓடி, நித்திரையில்லாமல் கிடந்து, விடியக் கிணத்தடிக்கு ஓடிவந்து தமையனைத் தூக்கிறான் எண்டு. அது பொருந்தாது. அப்பிடிப்பட்டவன் ஓடமாட்டான். 'இருப்பான். பசிக்கும். கச்சான் தின்பான்' எண்டு நான் எழுதினனான். "வாறன் அண்ணை" எண்டதும் நான் போட்டதுதான். அவ மூண்டு நாள் மாட்டன் எண்டு நிண்டவா, இவ்வளவு கொடூரம் வேண்டாம் மாஸ்டர் எண்டு. நான் பக்கத்தில இருந்து விளங்கப்படுத்தி எழுதுவிச்சனான். அது திருத்தம் தம்பி. வாத்திமாற்ற வேலை. கதை அவவின்ரதான், அவவின்ர பேர்தான் மேல கிடக்கு.

இதென்ன புதுக் கேள்வி. சுடலைமுத்து சொன்னவரோ. மனிசியைக் கூட்டிக்கொண்டு வந்தவர் வாசலில நிண்டு உங்களுக்கு இதையும் சொல்லியிருக்கிறார். சரி, சொல்லட்டும், பொய்யில்லை. அண்டைக்கு ஆறு மணிக்கு மார்கிறட்டுக்கு முதல் அவர்தான் அந்தப் பாதையால வந்தவர், தோளில மண்வெட்டியோட. நான் எழும்பி, உதால போகாதேங்கோ, சேறாய்க் கிடக்கு, வரம்பால சுத்திப் போங்கோ எண்டு மறிச்சு அனுப்பினனான். அமராவதிக்குப் புருசன் இருக்கிறது என்னாலதான், அதையும் சேர்த்து எழுதுங்கோ.

ஏன் மறிச்சனான் எண்டு கேக்கிறியள். அந்த மனிசன் ஒரு ஞாயிற்றுக்கிழமையும் கதை கேக்க வந்ததில்லை தம்பி. நான் "வாறன்" எண்டு சொன்னால் அவருக்கு விளங்கியிராது.