தொமிஹராவின் நாக்கு

எனக்குக் கோழி அவ்வளவாகப் பிடிக்காது. சொன்னால் யாரும் நம்புவதில்லை. ஒசாகாவில் பிறந்தவன், சாயங்காலம் நாலு மணியானால் ஆட்களைக் கூட்டிக்கொண்டு தென்மா சந்துகளில் கடை கடையாக ஏறி இறங்குகிறவன், சுட்ட கோழியைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வான் என்றால் எப்படி நம்புவார்கள். மீன் என்றால் எத்தனை தட்டு வேண்டுமானாலும் சாப்பிடுவேன்.

நாலாவது கடை என்று சொல்லிவிட்டு, ஷட்டர் இறக்கிய கடை முன்னால் கொண்டுவந்து நிறுத்திவிட்டேனே என்று பார்க்கிறீர்கள். உங்களுக்குக் கொடுத்த தாளில் ‘நாலாவது நிறுத்தம், சாப்பாடு இல்லை’ என்று போட்டிருக்கிறேன். யாரும் படிப்பதில்லை. அந்தக் காலி பீர்ப் பெட்டிகளைக் கவிழ்த்துப் போட்டு உட்காருங்கள், தாங்கும். கால் மணி நேரம் ஆகும்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். இதுவரை மூன்று கடைகளில் நான் சொன்னது அத்தனையும் பொய். முதல் கடை அம்மாள் ஆக்டோபஸை மடியில் வைத்து வளர்க்கவில்லை. அது அவர் பெயரைச் சொல்லிக் கூப்பிடவும் இல்லை. ஊறுகாய்க் கடையில் பீப்பாய் மேல் இருக்கிற கல், கோட்டைச் சுவரிலிருந்து பிரபு தன் கையால் பெயர்த்துக் கொடுத்தது அல்ல. பக்கத்துத் தெருவில் சாக்கடை தோண்டியபோது கிடைத்தது. மூன்றாவது கடையில் பலகை பள்ளமாக இருக்கிறதே, அங்கே எந்த மல்யுத்த வீரனும் முப்பது வருஷம் முழங்கை ஊன்றவில்லை. ஃபிரிட்ஜ் இறக்கும்போது பட்ட அடி.

கோபித்துக்கொள்ளாதீர்கள். நான் முப்பத்தெட்டு வருஷம் ரயில் நிலையத்தில் ஒலிபெருக்கியில் பேசியவன். மஞ்சள் கோட்டுக்கு உள்ளே நில்லுங்கள். கதவு மூடப்போகிறது. வண்டி இரண்டு நிமிடம் தாமதம், மிகவும் வருந்துகிறோம். முப்பத்தெட்டு வருஷமும் உண்மையைத் தவிர வேறொன்றும் சொல்லவில்லை. தண்டவாளத்தில் யானை படுத்திருக்கிறது, எழுப்பப் போயிருக்கிறார்கள் என்று ஒரே ஒரு நாள் சொல்ல வேண்டும் என்று எனக்கு ஆசை. வாய்க்கவில்லை. ஓய்வு பெற்ற மறுமாதம் இந்த வேலையில் இறங்கினேன். ஒரு நேரத்தில் ஒரே குழு, நாலு பேருக்கு மேல் கிடையாது. கடைக்காரர்களுக்கும் என் கதைகள் பிடித்துவிட்டன. ஊறுகாய்க்காரர் அந்தக் கல்லுக்குப் பூப்போட்ட துணி கட்டிவிட்டார்.

தொமிஹராவுக்கு மட்டும் பிடிக்கவில்லை. இது அவருடைய கடை. எட்டே இருக்கை. கோழித் துண்டுகளைக் கம்பியில் கோத்துக் கரியில் சுடுவார். பாதி வெந்ததும் பக்கத்தில் இருக்கிற மண்சட்டியில் முக்கி எடுத்து மறுபடி சுடுவார். அந்தச் சட்டியில் இருக்கிற குழம்புதான் கடையின் உயிர். அவர் அப்பா கடை திறந்த அன்று காய்ச்சியது. குறையக் குறைய ஊற்றிச் சேர்ப்பார்களே தவிர, ஒரு நாளும் காலி செய்தது இல்லை. தினமும் ஒரு கொதி விட வேண்டும், இல்லாவிட்டால் கெட்டுவிடும்.

இப்படி ஒரு சட்டியைப் பார்த்தால் என்னைப் போன்றவன் சும்மா இருப்பானா. முந்நூறு வருஷம் என்று ஆரம்பித்தேன். கோட்டை எரிந்த நாளில் இவருடைய முப்பாட்டன் கொதிக்கிற சட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு ஆற்றைத் தாண்டினான், அன்றோடு அந்த வம்சத்தில் யாருக்கும் உச்சந்தலையில் முடி முளைக்கவில்லை என்று சொல்வேன். தொமிஹரா கம்பியைத் திருப்பிக்கொண்டே, தெரிந்த நாலைந்து ஆங்கில வார்த்தையில் குறுக்கே விழுவார். “இல்ல. அறுபத்தெட்டு வருஷம். வழுக்கை, அது தனி.”

ஒருமுறை தனியாக இருக்கும்போது கேட்டுப் பார்த்தேன். “அண்ணே, வந்தவங்க சந்தோஷமா போகட்டுமே, உங்களுக்கு என்ன குறைஞ்சு போச்சு?”

“தாராளமா போகட்டும்யா. என் சட்டிக்கு நீ வயசு ஏத்தாத. அதுக்குன்னு ஒரு வயசு இருக்கு.”

பெல்ஜியத்திலிருந்து ஒரு பாலாடைக்கட்டி வியாபாரியும் அவர் மனைவியும் வந்திருந்த நாள் நினைவிருக்கிறது. முப்பாட்டன் ஆற்றின் நடுவில் நிற்கிறான், அந்த அம்மாளுக்குக் கண் கலங்கிவிட்டது. அந்த நேரம் பார்த்து இவர் ‘அறுபத்தெட்டு’ என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அந்த அம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, அதற்குப் பிறகு கடைசிக் கடைவரை நான் சொன்ன எதையும் நம்பவில்லை. கழிப்பறை இடது பக்கம் என்று சொன்னேன், அதைக்கூடக் கடைக்காரரிடம் கேட்டு உறுதி செய்துகொண்டுதான் போனார்.

நான் அதை மனதில் வைத்துக்கொள்ளவில்லை.

பத்து நாள் கழித்து தொமிஹராவுக்குப் பித்தப்பையில் அறுவை சிகிச்சை என்று ஆயிற்று. மூன்று வாரம் ஆஸ்பத்திரி. மனைவி இறந்து வெகுநாள் ஆகிறது, ஒரே மகள் மிசுயே நகோயாவில் இருக்கிறாள். சட்டியை யாராவது பார்த்துக்கொள்ள வேண்டும். அவர் சாவியை என்னிடம்தான் கொடுத்தார்.

“உன் வாயை நம்பி இல்ல, ஸ்டேஷன் மாஸ்டர்,” என்றார். நான் ஒருநாளும் ஸ்டேஷன் மாஸ்டராக இருந்ததில்லை, அது அவருடைய கிண்டல். “உன் கடிகாரத்தை நம்பி. தினம் மூணு மணிக்கு ஒரு கொதி. வந்ததும் இறக்கிடு. யாருக்கும் கதை சொல்லாத. சட்டிக்கும் சொல்லாத.”

ஒன்பது நாள் மூன்று மணிக்கு வந்தேன். ஒரு நிமிடம் முன்பின் இல்லை.

பத்தாவது நாள் என்ன நடந்தது என்றால், ஒன்றும் நடக்கவில்லை. சட்டி கைதவறவில்லை. குழம்பு கெடவில்லை. எலி, பூனை எதுவும் வரவில்லை. கொதி வந்தது, இறக்கினேன், கடைக்குப் பின்னால் இருக்கிற சாக்கடை ஓரத்துக்குக் கொண்டுபோய் மெதுவாகக் கவிழ்த்தேன். கெட்டியான குழம்பு, இறங்க நேரம் எடுத்தது. பிறகு சட்டியைத் தேய்த்துக் கழுவினேன். சுத்தம் எனக்கு முக்கியம்.

இதை ஒரு சோதனை என்றுதான் சொல்வேன். முந்நூறு வருஷத்துக்கும் அறுபத்தெட்டு வருஷத்துக்கும் இவ்வளவு சண்டை போடுகிறாரே, அறுபத்தெட்டு வருஷத்துக்கும் ஒரு மத்தியானத்துக்கும் வித்தியாசம் தெரிகிறதா என்று பார்க்க நினைத்தேன். நியாயமான கேள்விதான். மூலையில் இருக்கிற சூப்பர் மார்க்கெட்டில் சோயா, இனிப்பு மது, சர்க்கரை, ஏற்கெனவே காய்ச்சிப் புட்டியில் அடைத்த குழம்பு மூன்று புட்டி வாங்கினேன். கொழுப்பு இறங்குவதற்காக நாற்பது கோழி இறக்கையைக் கரியில் சுட்டு முக்கினேன். கோழி பிடிக்காத ஒரு மனிதன் அந்தப் புகையில் நாலு மணி நேரம் நின்றான் என்பதையும் கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டும். எதையும் அரைகுறையாகச் செய்கிற வழக்கம் எனக்கு இல்லை.

அந்த வாரமே நார்வேயிலிருந்து வந்த மூன்று பேரை இங்கே கூட்டிவந்து, ஆளுக்கு ஒரு கரண்டி கொடுத்தேன். ஒருவர் கண்ணை மூடிக்கொண்டார். ‘இதில் போர் தெரிகிறது’ என்றார். அன்றைக்கு முப்பாட்டன் நிதானமாக ஆற்றைக் கடந்தான்.

தொமிஹரா வீடு திரும்பினார். எங்கள் ஊரில் நோயிலிருந்து எழுந்தவர், கவனித்துக்கொண்டவர்களுக்கு ஏதாவது கொடுக்க வேண்டும். அதுவும் கரைந்து போகிற பொருளாக இருக்க வேண்டும், நோய் மிச்சம் நிற்கக் கூடாது அல்லவா. எனக்கு ஒரு பெட்டி சோப்பு கொடுத்தார். நல்ல சோப்பு. கொடுத்துவிட்டு அடுப்பைப் பற்றவைத்து, ஒரு கம்பி சுட்டு, முக்கி, கடித்தார். மென்றுகொண்டே இருந்தார். இன்னொன்று சுட்டார். அதையும் மென்றார். அப்புறம் கம்பியை என்னிடம் நீட்டினார்.

“நீ சாப்பிட்டுப் பாரு.”

சாப்பிட்டேன்.

“எப்படி இருக்கு?”

“எப்பவும் போலத்தான் இருக்கு, அண்ணே.”

அந்த இடத்தில் நான் உண்மையைச் சொல்லியிருக்கலாம் என்று நீங்கள் நினைக்கலாம். ஆனால் மனிதர் அப்போதுதான் ஆஸ்பத்திரியிலிருந்து வந்திருக்கிறார். எந்த அதிர்ச்சியும் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். என்னிடம் சொல்லவில்லை, ஆனால் டாக்டர்கள் பொதுவாக அப்படித்தான் சொல்வார்கள்.

“டீ சரியா இருக்கு,” என்றார் தொமிஹரா. “சோறு சரியா இருக்கு. இது மட்டும் யாரோ தெரியாத ஆள் வீட்டுக் குழம்பு மாதிரி இருக்குய்யா.”

அப்போதுதான் என் வாயில் அந்தக் கதை வந்தது. நான் தேடவில்லை. எங்கள் நிலையத்தில் வேலை பார்த்த ஒரு டிக்கெட் பரிசோதகருக்கும் இதே அறுவை சிகிச்சை நடந்தது என்றேன். மயக்க மருந்து நாக்கை இப்படித்தான் செய்யும், நேற்றுப் பழகிய ருசி முதலில் திரும்பும், பிறந்ததிலிருந்து பழகிய ருசி கடைசியில்தான் திரும்பும் என்று பெரிய டாக்டரே சொன்னார் என்றேன். பரிசோதகர் ஏழு வருஷம் தன் அம்மா வைத்த சூப்பை அடுத்த வீட்டுச் சூப்பு என்று நினைத்துக் குடித்தார், சிலருக்கு அது திரும்புவதே இல்லை என்றும் சொன்னேன்.

எந்த வருஷம், எந்த டாக்டர் என்று கேட்பார் என்று காத்திருந்தேன். கேட்கவில்லை. தலையை ஆட்டினார். அதுவரை பத்து வருஷத்தில் நான் சொன்ன கதைகளில் அவர் திருத்தாமல் விட்டது அது ஒன்றுதான். அந்த நிமிடம் எனக்குக் கொஞ்சம் கண் கலங்கியது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

வாடிக்கையாளர்களையும் கேட்டார். பூட்டுக் கடைக்காரர் பிழைத்து வந்தவரிடம் குறை சொல்வாரா. “முன்னைவிட ஒரு படி மேல, மாஸ்டர்,” என்றார். மற்றவர்களும் அதையேதான் சொன்னார்கள். எட்டு இருக்கையிலும் எட்டு நல்ல மனிதர்கள். தொமிஹராவுக்குச் சந்தேகம் தீர்ந்துவிட்டது. சட்டி நன்றாகத்தான் இருக்கிறது, போனது தன் நாக்கு.

அதன் பிறகு தினமும் இரண்டு மணிக்கு என்னை வரச்சொன்னார். அவர் சுடுவார், நான் ருசி பார்ப்பேன். இனிப்பு ஒரு பொட்டுக் கம்மி என்பேன், அவர் சர்க்கரை போடுவார். மறுநாள் கொஞ்சம் தூக்கல் என்பேன், சோயா ஊற்றுவார். ஐம்பது வருஷம் அந்த அடுப்பில் நின்ற மனிதர், கையில் கரண்டியை வைத்துக்கொண்டு என் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பார். ஊர்க்காரர்கள் முன்னால் முந்நூறு வருஷம் என்று சொல்லிப் பார்த்தேன். குனிந்தபடியே கம்பியைத் திருப்பினார். ‘அறுபத்தெட்டு’ வரவில்லை. நாங்கள் அவ்வளவு நெருக்கமாக ஒருநாளும் இருந்ததில்லை.

இரண்டு மாதம் அப்படிப் போயிற்று. ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் வாடிக்கையாளர்களை வரச்சொல்லி, இடுப்பு வளையக் குனிந்து மன்னிப்புக் கேட்டார்.

“என் வாய்க்கே தெரியாத சாமானை இத்தனை நாள் உங்க வாயில வெச்சிட்டேன். இதுக்கு மேல என்னால ஆகாது,” என்றார்.

வாசல் துணித்திரையை அவரே கழற்றி மடித்தார். மடிக்க நான் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டேன். சட்டியை மடியில் வைத்துக்கொண்டு நகோயாவுக்கு ரயில் ஏறினார். மகள் வீட்டில் தினமும் மூன்று மணிக்கு அதற்கு ஒரு கொதி விடுகிறாராம். சூப்பர் மார்க்கெட் குழம்புக்கு இப்போது ஒரு வருஷமும் ஏழு மாதமும் ஆகிறது. பார்த்துக்கொள்கிறவர் நல்லவர், நீண்ட நாள் இருக்கும்.

போன இலையுதிர் காலத்தில் மிசுயே என் வீட்டுக்கு வந்தாள். காலணியைக் கழற்றவில்லை, வாசலிலேயே நின்று பேசினாள்.

“மாமா, மூணு டாக்டர்கிட்ட காட்டிட்டேன். அப்பா நாக்குல ஒரு குறையும் இல்லையாம். சட்டியில என்னமோ நடந்திருக்கு, இல்ல?”

“மூணு மணிக்கு ஒரு கொதிம்மா. ஒரு நாள் தவறல,” என்றேன். அது உண்மை.

“டாக்டர் சொன்னா அப்பா கேக்க மாட்டேங்கிறார். மீன் வறுத்து வெச்சாக்கூட உப்பு இருக்கானு என்னைக் கேட்டுட்டுத்தான் வாயில வைக்கிறார். ராத்திரி தனியா உக்காந்து உப்பையும் சர்க்கரையையும் மாத்தி மாத்தி நாக்குல தொட்டுப் பாக்கிறார். என்ன நடந்திருந்தாலும் பரவால்ல மாமா, நான் கோவிச்சுக்க மாட்டேன். ஒரே ஒரு ஃபோன் போடுங்க. அவர் இந்த உலகத்துல நம்பறது உங்க வார்த்தை ஒண்ணைத்தான்.”

அவ்வளவு பெரிய வார்த்தையை என்னிடம் யாரும் சொன்னதில்லை. நம்பாமலே பத்து வருஷம் பழகிய ஒரு மனிதர் கடைசியில் என்னை நம்பியிருக்கிறார். அதை ஒரு ஃபோனில் கெடுக்க எனக்கு மனம் வரவில்லை. யோசித்துச் சொல்கிறேன் என்று சொல்லி, அவளுக்குக் குடை இல்லாததால் என் குடையைக் கொடுத்து அனுப்பினேன்.

யோசித்தேன். யோசித்ததன் விளைவுதான் இந்த நாலாவது நிறுத்தம். நாற்பத்தொரு குழுவுக்குச் சொல்லிவிட்டேன், உங்களோடு நாற்பத்திரண்டு. ஒரு வார்த்தை கூட்டவில்லை. ஆகவே நான் எதையும் மறைத்தேன் என்று யாரும் சொல்ல முடியாது. நீங்கள் நாளைக்கு விமானம் ஏறிவிடுவீர்கள், நகோயா உங்கள் வழியில் இல்லை, அது வேறு விஷயம். போன குழுவில் ஒருவர் கேட்டார், இதெல்லாம் அந்த மனிதருக்குத் தெரிய வேண்டாமா என்று. தெரிந்துகொள்ளட்டுமே, நானா தடுக்கிறேன். செவ்வாயும் வெள்ளியும் நாலு மணிக்குக் கிளம்புகிறோம். எல்லோரையும் போல அவரும் முன்பதிவு செய்துகொண்டு வரலாம். இத்தனை நாள் பழகியவர், அவரிடம் நான் கட்டணம் வாங்கப் போவதில்லை.