யாரும் ஆடாத நாலாம் பகுதி

தேநீரில் பால் கொஞ்சம் அதிகம். குறை சொல்லவில்லை, சார்ஜென்ட். பால் தொண்டையில் கோழை கட்டும், அதனால் ஆட்டம் உள்ள நாளில் நான் பால் தொடுவதில்லை. இன்று ஆட்டம் ஒன்றும் இல்லை என்பதால் குடிக்கிறேன்.

முதலிலிருந்தே சொல்லிவிடுகிறேன். எனக்கு எதையும் வரிசையாகச் சொல்லித்தான் பழக்கம். பள்ளிக்கூடம் முடித்த கையோடு இந்த டாரனூக் ஊர்ப் பத்திரிகையில் சேர்ந்தேன். கிழவர்கள் புல்தரையில் பந்துருட்டி ஆடும் பௌல்ஸ் முடிவுகள், கண்காட்சியில் பரிசு வாங்கிய செம்மறிக் கிடாய்களின் பெயர்கள், இவைதான் நான் முதலில் எழுதிய செய்திகள். ஒரு சனிக்கிழமை வானொலிக்காரருக்குக் காய்ச்சல் வந்தது. அவருக்குப் பதிலாக ஃபுட்டி கால்பந்து ஆட்டத்துக்கு நேர்முக வர்ணனை சொல்ல என்னை உட்காரவைத்தார்கள். அவர் குணமாகி வந்தபோது அவருக்கு வேலை இல்லை. அதன்பின் மெல்பர்ன். ஃபுட்டி, கிரிக்கெட், நீச்சல், இரண்டு ஒலிம்பிக்ஸ். டாக்ஸியில் ஏறி வீட்டு முகவரியைச் சொன்னால் ஓட்டுநர் திரும்பிப் பார்க்காமலே, "நெவ் ஸ்ட்ராகன்தானே சார்?" என்பார். இந்த நாட்டில் பாதிப் பேருக்கு என் முகம் தெரியாது, குரல் தெரியும். அது எனக்குப் பிடித்திருந்தது.

கண் போனது மெதுவாகத்தான். பார்வையின் நடுப்பகுதி போய்விட்டது, ஓரங்கள் மிச்சம். இப்போது உங்கள் தோள்பட்டை தெரிகிறது, பின்னால் சுவரில் விளக்கு ஸ்விட்ச் தெரிகிறது. உங்கள் முகம் இருக்க வேண்டிய இடத்தில் பாத்திரம் கழுவிய தண்ணீர் மாதிரி ஒரு கலங்கல். எதைப் பார்க்க விரும்புகிறேனோ அதை மட்டும் பார்க்க முடியாது. மெல்பர்ன் மைதானத்தில் வர்ணனை அறை வானத்தில் இருக்கும். அங்கிருந்து ஆட்டக்காரர்கள் எறும்புகளாகக்கூடத் தெரியாமல் போனபோது ராஜினாமா செய்துவிட்டு டாரனூக் திரும்பினேன். பெரிய மனிதர் வேரை மறக்கவில்லை என்று பத்திரிகைகள் எழுதின. நானும் மறுக்கவில்லை.

இங்கே வர்ணனைப் பெட்டியை நீங்கள் போய்ப் பார்த்திருப்பீர்கள். உயரமான நாலு இரும்புக் கால்களின்மேல் ஒரு தகரப் பெட்டி. முன்னால் ஒரு ஜன்னல், பக்கத்தில் ஒரு ஜன்னல். கதவு கிடையாது. தரையில் ஒரு பலகை மூடி, அதற்குக் கீழே ஏணி. ஏறி மூடியைப் போட்டுவிட்டால் ஆட்டம் முடியும்வரை உள்ளேதான். அந்தப் பெட்டிக்குள் புள்ளிக் கணக்கு எழுத கிளப்காரர்கள் எனக்குத் துணையாக அனுப்பியவள் கிளெனிஸ் ஹாலம். இந்த வட்டாரத்தில் காலமெல்லாம் நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றவள். லீக்கில் ஆடும் பையன்களில் பாதிப் பேருக்கு அவள்தான் ஊசி போட்டிருக்கிறாள். எத்தனை தூரத்திலிருந்தாலும் நடையை வைத்தே யார் என்று சொல்லிவிடுவாள்.

நர்ஸ் அல்லவா, சில வாரங்களிலேயே என்னைக் கண்டுபிடித்துவிட்டாள்.

"நெவ், இது எத்தனை விரல், சொல்லு."

"லூசா நீ? மூணு."

"விரலே காட்டலப்பா. கை மடியிலதான் இருக்கு."

அவள் சிரித்தாள். "சரி விடு. இந்த ஊர்லேருந்து ரெண்டே ரெண்டுதான் வெளிய போகுது, கோதுமையும் உன் குரலும். கோதுமை இந்த வருஷம் காலி. நீயாவது இரு."

அப்படித்தான் ஆரம்பித்தது. அவளுக்கு ஒரு சின்ன மைக். அதில் அவள் கிசுகிசுப்பது என் காதுக்கு மட்டும் வரும், வானொலியில் போகாது. பந்து யாரிடம், எந்தப் பக்கம், எவ்வளவு தூரம் என்று அவள் சொல்வாள். அதை நான் என் பாணியில் சொல்வேன். அவள் சொல்லி நான் சொல்வதற்குள் அரை விநாடி இடைவெளி விழும். அந்த இடைவெளியைப் பற்றி மெல்பர்ன் பத்திரிகை ஒன்று கட்டுரை எழுதியது, சார்ஜென்ட். ஆட்டத்தை மூச்சு விடவைக்கும் கலை என்று. அதற்காக எனக்கு மாநில விருதுகூடக் கொடுத்தார்கள். விருந்தில் கிளெனிஸ் என் பக்கத்தில் உட்கார்ந்து எல்லோரையும்விடச் சத்தமாகக் கை தட்டினாள். காரில் திரும்பும்போது, "ரம்பம் இருந்தா குடு, பாதிய அறுத்துக்கிறேன்" என்றாள். நன்றாகச் சிரித்தோம்.

நான் அவளைக் கட்டாயப்படுத்தியதே இல்லை. இதைக் குறித்துக்கொள்ளுங்கள். அவள் மகளுக்குப் பெர்த்தில் குழந்தை பிறந்தபோது அவள் போகவில்லை. போகாதே என்று நான் சொல்லவில்லை. அடுத்த சனிக்கிழமை யாருக்கும் யாருக்கும் ஆட்டம் என்று மட்டும் சொன்னேன். சீசன் முடிந்து போகலாம் என்றிருந்தாள். அப்போது கோடைக்காலக் கிரிக்கெட் வந்துவிட்டது.

ஆனால் எனக்கும் அது சுகமாக இல்லை. அவள் தும்மினால் சனிக்கிழமைக்குள் சரியாகிவிடுமா என்று கேட்பேன். கடையில் யாராவது, "நெவ், அந்தக் கடைசி கோல் எப்படி?" என்று கேட்டால் அவள் எந்தப் பக்கம் நிற்கிறாள் என்று தேடுவேன். அவள் ஊரில் இல்லாத நாட்களில் நான் தொலைபேசியை எடுப்பதில்லை. என் வாயை இன்னொருத்தி கைப்பையில் போட்டுக்கொண்டு ஊர் சுற்றுவதுபோல இருந்தது. ராத்திரி படுத்தால் அந்தப் பெட்டிக்குள்ளேயே படுத்திருப்பதுபோல் மூச்சு முட்டும். நல்ல நண்பர்களுக்குள் இப்படி இருக்கக்கூடாது.

பிறகு மெல்பர்னிலிருந்து அழைப்பு வந்தது. இந்த வருட இறுதி ஆட்டத்தில் ஒரே ஒரு முறை, விடைபெறும் மரியாதையாக, நான் வர்ணனை சொல்ல வேண்டும். உடனே ஒப்புக்கொண்டேன். கிளெனிஸிடம் அப்புறம்தான் சொன்னேன். போன சனிக்கிழமை, மைதானத்துக்கு அவள் காரை ஓட்டிக்கொண்டிருந்தாள்.

"என்னால முடியாது நெவ். அங்க லட்சம் பேர் இருப்பாங்க. ஒரு வாட்டி பிசகினா மாட்டிக்குவோம்."

"பக்கத்துல உக்காந்தா போதும் கிளென். எப்பவும் போலத்தான்."

"என் பேத்தி நடக்க ஆரம்பிச்சிருச்சாம்யா. நான் போட்டோவுலதான் பாத்திருக்கேன். இன்னிக்கு ஆட்டத்தோட சரி. நீயே மைக்ல சொல்லிரு, கண்ணு போச்சுன்னு. ஊரே எந்திரிச்சு நின்னு கை தட்டும் பாரு."

"சொல்லலன்னா?"

"நான் சொல்லிருவேன். கோவிச்சுக்காத. உனக்கு மட்டும் இது என்ன, ஜெயில்தானே?"

கை தட்டுவார்கள் என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. அதுதான் என் பயமே. கை தட்டிவிட்டுக் கையைப் பிடித்து ஏணியில் இறக்குவார்கள். அப்புறம் இந்த இடைவெளி, அந்த விருது, ஏன், அதற்கு முந்தைய வருடங்கள் எல்லாமே அவளுடையதாகிவிடும். அவள் அப்படி நினைக்கவில்லை என்பது உண்மை. ஆனால் ஊர் நினைக்கும்.

அன்று டாரனூக்குக்கும் பெய்ன்ஸ் க்ரீக்குக்கும் ஆட்டம். வென்றவர்கள் லீக் இறுதிக்குப் போவார்கள். வழக்கம்போலக் கார்களை மைதானத்தைச் சுற்றி வேலியோரம் நிறுத்தியிருந்தார்கள். நம்மவர்கள் தெற்கே, பெட்டி இருக்கும் பக்கம், அவர்கள் வடக்கே. யார் கோல் அடித்தாலும் அந்தப் பக்கத்துக் கார்கள் ஹாரன் அடிக்கும். மூன்றாம் பகுதி முடிந்ததும் எல்லோரும் காரிலிருந்து இறங்கி, பயிற்சியாளர் திட்டுவதைக் கேட்க மைதானத்துக்குள் போனார்கள். கிளெனிஸ் கீழே போய்த் தேநீரும் ஜாம் டோனட்டும் வாங்கி வந்து மூடியைப் போட்டாள். எனக்குப் பாலில்லாத தேநீர். அவள் மறந்ததே இல்லை.

நாலாம் பகுதி தொடங்கிய பிறகு, அவள் ஜன்னலோடு ஒட்டியிருந்தபோது, நான் கையைப் பின்னால் விட்டு அந்த மூடியைத் தூக்கிச் சுவரில் சாய்த்தேன். அதற்குக் கண் தேவையில்லை. அவளும் காதில் ஹெட்ஃபோன் மாட்டியிருந்ததால் அவளுக்குக் கேட்கவில்லை. முதலில் உங்கள் உதவியாளரிடம், காற்று வேண்டித் திறந்தேன் என்று சொன்னேன். செப்டம்பர் குளிரில், கோட்டும் கம்பளித் துண்டும் போட்டுக்கொண்டு. அவர் மரியாதைக்கு எழுதிக்கொண்டார். இனி அதை அடித்துவிடலாம்.

முன் ஜன்னலிலிருந்து பார்த்தால் தெற்கு மூலையை ஒரு இரும்புத் தூண் மறைக்கும். பந்து அந்த மூலைக்குப் போனால் கிளெனிஸ் எழுந்து, பந்திலிருந்து கண்ணை எடுக்காமல், பக்கத்து ஜன்னல் கிடைக்கும்வரை பின்னால் அடி வைப்பாள். ஒவ்வொரு ஆட்டத்திலும் அப்படித்தான். கால் எங்கே போகிறது என்று பார்க்கமாட்டாள். பார்த்தால் எனக்கு ஒரு பெயர் தவறிவிடும் அல்லவா.

நாம் ஐந்து புள்ளி பின்தங்கியிருந்தோம். ஒரு கோலுக்கு ஆறு புள்ளி. பந்து தெற்கு மூலைக்கு வந்தது. "மெக்கார்டில் பிடிச்சிட்டான்" என்றாள் காதில். "நேராத்தான் நிக்கிறான். இரு, பாக்கிறேன்." பிறகு காதில் ஒன்றும் இல்லை. காலடியில் தகரம் ஒரு முறை அதிர்ந்தது. அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் என் மைக்கில் விழுந்து வானொலியில் போயிருக்கும். அவளுக்கு அது தெரியும் என்றுதான் நினைக்கிறேன்.

உடனே தெற்குக் கார்கள் ஹாரன் அடித்தன. நான், "கோல்!" என்றேன். "மெக்கார்டில்! டாரனூக் முன்னால்!"

நான் மறைக்கப்போவதில்லை. கோலுக்கு அடிக்கும் ஹாரன் விட்டுவிட்டு வரும். இது நிற்காமல் நீளமாக வந்தது. மகிழ்ச்சி அதிகம் என்று எடுத்துக்கொண்டேன். கீழே விழுந்தவளைப் பார்த்தவர்கள் ஆட்டத்தை நிறுத்தச் சொல்லி அடித்த ஹாரன் அது என்று நீங்கள் சொல்வீர்கள். எனக்கும் தெரிந்திருக்க வேண்டும். நான் நேரலையில் இருந்தேன், சார்ஜென்ட்.

நடுவரின் விசில் கேட்டது. பந்தை மீண்டும் நடுவில் போட்டு ஆடத் தொடங்கினார்கள் என்று சொன்னேன். பிறகு மைதானம் அடங்கிப்போனது. ஊரே மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது என்று சொன்னேன். பெய்ன்ஸ் க்ரீக்காரர்களை இரண்டு முறை தாக்கவிட்டு இரண்டு முறையும் நம் பையன்களைத் தடுக்கவைத்தேன். ஓடிவரும் கால்கள் கேட்டன, நிறையக் கால்கள், எல்லாம் நம் பக்கம். அதையும் ஆட்டத்தில் சேர்த்துக்கொண்டேன். டிராக்டரில் உட்கார்ந்து கேட்டவர்கள், ஆஸ்பத்திரிக் கட்டிலில் கேட்டவர்கள், எல்லோரும் நம்பினார்கள். நம்பாதவர்கள் மைதானத்தில் இருந்தவர்கள் மட்டும்தான். வேலியோரம் நின்ற கார்களில் எல்லாம் வானொலி ஓடிக்கொண்டிருந்ததாம். ஆட்டக்காரர்கள் தலை குனிந்து நின்றுகொண்டிருக்க, அத்தனை கார்களிலிருந்தும் நான் ஆட்டம் சொல்லிக்கொண்டிருந்தேனாம். பெண்கள் ஓடிஓடிக் கார்களின் வானொலியை அணைத்தார்களாம். இதை உங்கள் உதவியாளர் சொல்லித்தான் தெரியும்.

ஆம்புலன்ஸ் வந்தது. அதன் சைரனும் ஆட்டம் முடியும் சைரனும் ஒன்றல்ல, என்னைப் போன்றவனுக்கு வித்தியாசம் தெரியாமலில்லை. ஆனால் எங்காவது முடிக்க வேண்டுமே. சைரன் ஒலிக்கிறது, டாரனூக் இறுதிக்குப் போகிறது என்றேன்.

அப்போதுதான் கிளப் தலைவர் மெர்வின் கிட்டோ ஏணியில் ஏறி வந்து மைக்கைக் கையால் பொத்தினார். அழுதுகொண்டிருந்தார். நல்ல உடம்புக்காரர், மூச்சு வாங்கியது.

"நெவ், நிறுத்துய்யா. உன் கால்ல விழறேன், நிறுத்து. கிளெனிஸ் போயிட்டா."

"எங்க போனா?" என்று கேட்டேன். அந்தக் கேள்விதான் என்னைக் காட்டிக்கொடுத்தது என்று நினைக்கிறேன். அவர் என் முகத்துக்கு நேரே கையை ஆட்டியிருக்கிறார். நான் கண் சிமிட்டவில்லையாம்.

ஆகவே இது என் வாக்குமூலம். மூடியைத் திறந்தது நான். அவள் பின்னால் அடி வைப்பாள் என்று தெரிந்து திறந்தேன். அவளைக் கொல்ல வேண்டும் என்றுதான் திறந்தேன், வேறு காரணம் இல்லை. வக்கீல் வேண்டாம்.

ஒரே ஒரு விஷயம். காலையில் அந்த ஒலிப்பதிவை எனக்குப் போட்டுக் காட்டினீர்கள். நீங்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டது எனக்குத் தெரியும், உங்கள் காது நகர்ந்தது. நான் முழுவதும் கேட்டேன். அவள் விழுந்ததற்குப் பிறகு ஒரு தடுமாற்றம்கூட இல்லை, அந்த அரை விநாடி இடைவெளியும் இல்லை. யாருடைய உதவியும் இல்லாமல் நான் சொன்னது அது. லீக்காரர்கள் ஆட்டத்தை ரத்து செய்துவிட்டார்கள் என்கிறீர்கள். செய்யட்டும். என் ஆட்டத்தில் டாரனூக் ஒரு புள்ளியில் ஜெயித்தது. கிளெனிஸ் பிறந்ததிலிருந்து டாரனூக்காரி. கேட்டிருந்தால் ரொம்பச் சந்தோஷப்பட்டிருப்பாள்.