நினைவுளிக்குச் சாணை பிடித்த கை

முப்பத்தோராண்டு எங்கள் சிற்பக்கூடத்தின் உளிகளுக்கெல்லாம் உயிரூட்டிய உயர்ந்த உள்ளமே! சக்கரம் சுழல, தீப்பொறி தெறிக்க, தும்மலுக்கும் இருமலுக்கும் நடுவே எங்களைத் திட்டவும் நேரம் கண்ட திறமையே! இன்று பணி ஓய்வு பெறும் அன்பிற்கினிய சாணையக்காவே, வணக்கம்!

முகத்துக்கு நேரே புகழ்ந்தால் நீங்கள் பாதியில் எழுந்து போய்விடுவீர்கள் என்பது இங்கே எல்லோருக்கும் தெரியும். ஆகவே வேறு யாரோ ஒருவரைப் பற்றிப் பேசுவதுபோல் பேசுகிறோம். பொறுமையாக உட்கார்ந்திருங்கள்.

சாணையக்கா வேலைக்குச் சேர்ந்த காலத்தில் கூடத்துக்கு ஓட்டுக்கூரை. மழை வந்தால் வாளி வைப்போம். சன்னலோரப் பலகையில் கருவிகள் வரிசையாகக் கிடக்கும். பிடித்தவரின் மூச்சுக்கேற்ப ஓங்கித் தாழும் மூச்சுச் சுத்தியல். கல்லைத் தொடாமல் அதன் நிழலை மட்டும் சீவும் நிழல்சீவி. எல்லாவற்றுக்கும் மேலாக நினைவுளி. அதைப் பிடித்தவர் கண்ணை மூடி ஒரு முகத்தை நினைத்தால், அந்த முகத்தைக் கல்லிலிருந்து அது வெளியே கொண்டுவந்துவிடும். ஒருவர் நினைத்தது முனையில் ஒட்டிக்கொண்டு மறுநாள் வேலையைக் கெடுக்காமலிருக்க, மாலைதோறும் அதைச் சாணையில் வைத்துத் துடைத்தெடுக்க வேண்டும். அந்நேரம் சாணை பிடிப்பவர் யாரையும் நினைக்கக் கூடாது. மீறினால் சாணையை விட்டுப் போக வேண்டியதுதான்.

"அப்ப என்னதாங்க்கா நெனப்பீங்க?" என்று கேட்டால், "நெனக்கிறதாவது! ஒண்ணு, ரெண்டுன்னு எண்ணுவேன். நூறு வர்றதுக்குள்ள உளி சுத்தமாயிடும். போய் வேலையப் பாருங்க" என்பார்.

பதினோராவது ஆண்டில் அவர் கணவர் காய்ச்சலில் இறந்தார். வெளியூரில் வேலை பார்த்தவர். கூடத்தில் ஒருவரும் அவரைப் பார்த்ததில்லை. இரண்டு வாரம் கழித்து அக்கா திரும்பி வந்தார். யாரிடமும் முகம் கொடுத்துப் பேசவில்லை. சக்கரம் மட்டும் வழக்கம்போல் சுழன்றது.

அப்போது எங்கள் கூடத்துச் சிற்பி இடக்கையண்ணன் ஓர் ஓடக்காரரின் சிலையைச் செதுக்கிக்கொண்டிருந்தார். வெள்ளத்தில் பலரைக் கரைசேர்த்துவிட்டுத் தான் கரைசேராமல் போனவர் அந்த ஓடக்காரர். படித்துறையில் நிறுத்த வேண்டிய சிலை. முகம் செதுக்கும் நாளில் ஓடக்காரரின் மனைவியும் வந்து நின்றார். அண்ணன் கண் மூடி, தனக்குப் பழக்கமான ஓடக்காரரின் முகத்தை நினைத்து நினைவுளியைப் பிடித்தார். முடித்துக் கண் திறந்ததும் திகைத்துப்போனார். அந்த அம்மாள் மெல்ல, "இது எங்க வீட்டுக்காரர் இல்லீங்களே" என்றார்.

தலைமைச் சிற்பிக்குக் கோபம் தலைக்கேறியது. "குடிச்சிட்டு உளியத் தொட்டியா? நாளைலேருந்து வராத!" என்றார் எல்லோர் முன்னாலும்.

கூட்டத்துக்குப் பின்னாலிருந்து சாணையக்கா எட்டிப் பார்த்தார். இடது புருவத்தில் வெட்டுத் தழும்பு. சிரிக்கலாமா வேண்டாமா என்று யோசிக்கிற உதடு. பதினாறு வருடம் பார்த்த முகம். பேசாமலிருந்தால் ஒருவருக்கும் தெரியப்போவதில்லை. சொன்னால் பிழைப்பு போகும். வீட்டில் ஒன்பது வயதுப் பெண் இருக்கிறாள்.

முன்னால் வந்தார். "அண்ணன் மேல தப்பில்ல. அது என் வீட்டுக்காரர். நேத்து எண்ணிக்கிட்டுத்தான் இருந்தேன். நாப்பதுல விட்டுட்டேன்."

ஓடக்காரரின் மனைவிதான் முதலில் பேசினார். "இந்த முகம் இப்படியே இருக்கட்டும்மா. வேற கல்லு வர்ற வரைக்கும் நான் காத்திருக்கேன்."

"அடுத்த கல்லு வர ஒரு வருஷம் ஆகும். மழைக்கு முன்னால உங்க வீட்டுக்காரர் படித்துறையில நிக்கணும்" என்றார் அக்கா. பிறகு அண்ணன் பக்கம் திரும்பி, "வேற யாரும் கை வைக்க வேணாம். நானே எடுத்துடறேன்" என்றார்.

சாதாரணக் கொத்துளி ஒன்றை எடுத்துக்கொண்டார். புருவத்தில் தொடங்கினார். எங்களில் பாதிப்பேர் வெளியே போய்விட்டோம். பொழுது சாயும்போது கல்லில் முகமிருந்த இடம் வெறுமையாக இருந்தது. அதன்பின் நினைவுளியைச் சாணையில் வைத்து, கூடம் முழுவதும் கேட்கும்படி உரக்க எண்ணினார். நூறு வரை குரல் தடுமாறவில்லை.

மறுநாள் அண்ணன் செதுக்கிய கன்னத்தைத் தொட்டுப் பார்த்து ஓடக்காரரின் மனைவி விம்மினார். அண்ணன் வேலையில் நீடித்தார். அக்காவுக்கு ஓராண்டு சாணை மறுக்கப்பட்டது, கல்தூசி கூட்டினார். அந்த ஓராண்டும் மதியச் சாப்பாட்டுக்கு அண்ணன் அவர் பக்கத்தில்தான் உட்கார்ந்தார். சாணைக்கு அமர்த்திய மூன்று பேரும் யாரையும் நினைக்காமல் எண்ணுவதில் ஐம்பதைத் தாண்டவில்லை என்பதால், தலைமைச் சிற்பியே வந்து அக்காவைக் கூப்பிட்டுப் போனார்.

சிற்பக்கூடத்தின் சிகரமே! சீற்றத்திலும் சிரிப்பு மணக்கும் செல்வமே! போன வாரம் உங்களிடம், "இனிமே வீட்ல என்னக்கா செய்வீங்க?" என்று கேட்டோம். நீங்கள் கையைத் துடைத்துக்கொண்டு சொன்னீர்கள்: "கதவச் சாத்திட்டு உக்காருவேன். ஒரு நாள் முழுக்க அவர நெனைக்கணும். இருபது வருஷமா அரைகுறையாத்தான் நெனச்சிருக்கேன்."

அந்த நாள் நீண்ட நாளாகட்டும். அதன்பின் வரும் நாள்களும் நோயின்றி, நிறைவோடு, மகளும் பேரப்பிள்ளைகளும் சூழப் பல்லாண்டு பெருகட்டும்!

இங்ஙனம்,
உங்களிடம் திட்டு வாங்கியே தேர்ந்த
சிற்பக்கூடத்துத் தோழர்கள்